டொலோரெஸ் டெல் ரியோ ஹாலிவுட்டை விட்டு ஏன் மெக்சிகோ திரும்பினார்?

"ஹாலிவுட்டில் அத்தனை பெயர் வாங்கிய டொலோரெஸ் டெல் ரியோ, நாற்பதை நெருங்கும் வயதில் எதற்காக மெக்சிகோவுக்குத் திரும்பினார்? அவருடைய திரை வாழ்க்கையையும் நாடக வாழ்க்கையையும் கொஞ்சம் விரிவாகச் சொல்ல முடியுமா?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

வாய்ப்பு குறைந்தது, காதல் முறிந்தது, திரும்பிவிட்டார் என்று இரண்டு வரியில் முடித்துவிடலாம். பல இடங்களில் அப்படித்தான் எழுதியிருக்கிறார்கள். அதில் பொய் ஒன்றும் இல்லை. ஆனால் அவருடைய படங்களைக் கால வரிசையில் பார்த்துக்கொண்டு வந்தபோது எனக்கு வேறு ஒன்று பட்டது. ஊமைப்படக் காலத்தில் அவர் முகம் எந்த நாட்டுப் பெண்ணுக்கும் பொருந்தியது. படம் பேச ஆரம்பித்ததும் அவர் குரல் ஹாலிவுட்டில் எந்த வேடத்துக்கும் சரியாகப் பொருந்தவில்லை. தன் பேச்சு எடுபடும் இடத்தைத் தேடித்தான் அவர் ஊர் திரும்பினார் என்று நினைக்கிறேன். ஐம்பது வயதுக்குமேல் நாடக மேடை ஏறியதும் அதே தேடலின் தொடர்ச்சிதான். இந்தக் கோணத்திலிருந்தே சொல்கிறேன்.

1904 ஆகஸ்ட் 3 அன்று வடக்கு மெக்சிகோவின் துராங்கோ நகரத்தில் பிறந்தவர். முழுப் பெயர் மரியா டெ லொஸ் டொலோரெஸ் அசுன்சொலோ இ லோபெஸ் நெக்ரெட்டெ. டொலோரெஸ் என்றால் ஸ்பானிய மொழியில் துயரங்கள். நம் ஊர்க் கத்தோலிக்கர்கள் வியாகுல மாதா என்று வணங்கும் அதே மாதாவின் பெயர். அப்பா துராங்கோவில் வங்கி இயக்குநர். அம்மா வழி பெரிய நிலக்கிழார் குடும்பம். 1910இல் மெக்சிகோவில் புரட்சி வெடித்தது. பண்ணைகளும் மாளிகைகளும் புரட்சிப் படைகளின் கைக்குப் போகத் தொடங்கியபோது, அப்பா எல்லை தாண்டி அமெரிக்காவுக்குப் போனார். அம்மா மகளைக் கூட்டிக்கொண்டு தலைநகரான மெக்சிகோ நகரத்துக்கு வந்து சேர்ந்தார். இருவரும் குடியானவப் பெண்களைப் போல வேடமிட்டு ரயிலில் தப்பி வந்தார்கள் என்பது அவர் வாழ்க்கைக் கதையில் எப்போதும் சொல்லப்படும் நிகழ்ச்சி. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். முப்பது ஆண்டுகள் கழித்து அவரைத் தன் நாட்டு மக்களுக்கு நெருக்கமாக்கியதும் ஒரு குடியானவப் பெண் வேடம்தான்.

தலைநகரத்தில் பிரெஞ்சுக் கன்னியர் நடத்திய பள்ளியில் படித்தார். 1919இல் ருஷ்ய பாலே நடனக் கலைஞர் அன்னா பாவ்லோவா மெக்சிகோ நகரத்தில் ஆடியதைப் பார்த்துவிட்டு, தானும் ஆட வேண்டும் என்று பிடிவாதம் பிடித்து நடனம் கற்றார். நடிக்க வேண்டும் என்ற எண்ணமே அப்போது அவருக்கு இல்லை. அவருடைய வர்க்கத்துப் பெண்ணுக்குத் திருமணம்தான் எதிர்காலம். 1921இல், 16 வயதில், தன்னைவிடப் பதினெட்டு வயது மூத்த ஹைமே மார்த்தினெஸ் டெல் ரியோவை மணந்தார். இங்கிலாந்தில் படித்த, இலக்கிய ஆர்வம் கொண்ட, பெரும் பண்ணைக் குடும்பத்து மனிதர். தேனிலவுக்காக ஐரோப்பா போன தம்பதியர் ஏறக்குறைய இரண்டு ஆண்டுகள் அங்கேயே தங்கினார்கள். திரும்பி வந்து பருத்திச் சாகுபடி செய்தார்கள். 1924இல் பருத்தி விலை சரிந்தது, முதலும் போனது.

அந்த நிலையில்தான் 1925இல் எட்வின் கரீவ் என்ற அமெரிக்க இயக்குநர் மெக்சிகோ நகரத்துக்கு வந்தார். ஓவியர் அடோல்ஃபோ பெஸ்ட் மௌகார்ட் அவரை இவர்கள் வீட்டுக்கு அழைத்து வந்தார். டொலோரெஸ் ஆடிய நடனத்தைப் பார்த்த கரீவ், ஹாலிவுட்டுக்கு வந்தால் நட்சத்திரமாக்கிக் காட்டுகிறேன் என்றார். அப்போது உலகத்தையே ஆட்டிப் படைத்துக்கொண்டிருந்த நடிகர் ருடால்ஃப் வாலண்டினோவுக்கு இணையான ஒரு பெண் நட்சத்திரம் அவர் மனத்தில் இருந்தது. கணவருக்குத் திரைக்கதை எழுத ஆசை இருந்தது. குடும்பத்தினர் கடுமையாக எதிர்த்தார்கள். நல்ல குடும்பத்துப் பெண் சினிமாவில் நடிப்பதா என்ற கேள்வி அங்கேயும் அப்படியே இருந்தது. இருவரும் கிளம்பிவிட்டார்கள். கரீவ் அந்த நீண்ட பெயரை வெட்டி, கணவரின் குடும்பப் பெயரில் ஒரு பகுதியை மட்டும் வைத்து, 'டொலோரெஸ் டெல் ரியோ' ஆக்கினார். கணவர் பிறகு டொலோரெஸின் வாழ்க்கையிலிருந்து போய்விட்டாலும் அந்தப் பெயர் கடைசிவரை அவருடனேயே இருந்தது.

முதல் படம் 'ஜோவானா' (1925). மிகச் சிறிய வேடம். அடுத்த ஆண்டே ரௌல் வால்ஷ் இயக்கிய முதல் உலகப் போர்ப் படமான 'வாட் பிரைஸ் குளோரி'யில் ஷார்மேன் என்ற பிரெஞ்சுக் கிராமத்துப் பெண். படம் பெரிய வெற்றி. 1926இல் நம்பிக்கை தரும் இளம் நடிகைகள் என்று ஹாலிவுட் விளம்பரக்காரர்கள் சங்கம் வெளியிட்ட பட்டியலில் ஜோன் கிராஃபோர்ட், ஜேனட் கேனர், ஃபே ரே ஆகியோருடன் இவர் பெயரும் இருந்தது. 1927இல் டால்ஸ்டாயின் 'புத்துயிர்ப்பு' நாவலைக் கரீவ் படமாக்கியபோது அதில் ருஷ்யப் பெண் கட்யூஷா மாஸ்லோவா. அதே ஆண்டில் ஸ்பெயின் நாட்டு ஜிப்ஸி கார்மென். 1928இல் 'ரமோனா', அதில் கலிபோர்னியப் பண்ணை ஒன்றில் வளரும் பழங்குடிக் கலப்புப் பெண். 1929இல் 'எவாஞ்சலின்', அதில் கனடாவின் அகேடியா பகுதியிலிருந்து விரட்டப்படும் பிரெஞ்சுக் குடியேறிப் பெண்.

நான்கே ஆண்டுகளில் பிரெஞ்சு, ருஷ்யா, ஸ்பெயின், பழங்குடி, அகேடியா. எப்படி முடிந்தது? படம் பேசவில்லை என்பதால்தான். ஊமைப்படத்தில் வசனம் எழுத்து அட்டையில் வரும். படம் எந்த நாட்டுக்குப் போகிறதோ அந்த மொழியில் அட்டையை மாற்றிவிட்டால் போதும். நடிகையின் வாயிலிருந்து என்ன மொழி வருகிறது என்று யாருக்கும் தெரியாது. படப்பிடிப்புத் தளத்துக்கு வந்த புதிதில் அவருக்கு ஆங்கிலமே சரியாக வராது. அது ஒரு குறையாகவே யாருக்கும் தோன்றவில்லை. கண்ணும் கழுத்தும் கைவிரலும் பேசின. நடனப் பயிற்சி எடுத்தவர் என்பதால் நிற்பதிலும் திரும்புவதிலும் ஒரு ஒழுங்கு இருந்தது. ஒரு காட்சியில் அவர் அறைக்குள் நுழைவதைப் பாருங்கள், கால் தரையில் பாவுவதே வேறு மாதிரி இருக்கும்.

'ரமோனா' பற்றி இரண்டு விஷயங்கள் சொல்ல வேண்டும். ஒன்று, இயக்குநர் கரீவ் சிக்கசா பழங்குடி வழியில் வந்தவர். பழங்குடிகள் நிலத்திலிருந்து துரத்தப்படும் கதையை அந்த வழியில் வந்த ஒருவரே ஹாலிவுட்டில் எடுத்தது அந்தக் காலத்தில் அரிதான செய்தி. இரண்டு, படத்துக்காக எழுதிய 'ரமோனா' பாட்டை டொலோரெஸ் தானே பாடி இசைத்தட்டில் பதிந்தார். படம் ஊமைப்படம், நாயகியின் குரல் மட்டும் இசைத்தட்டில் வீடு வீடாகப் போனது. அந்தப் படத்தின் பிரதி எங்கேயும் இல்லை, அழிந்துவிட்டது என்று பல பத்தாண்டுகள் நம்பிக்கொண்டிருந்தார்கள். பிறகு செக் நாட்டுத் தலைநகரம் பிராகின் திரைப்படக் காப்பகத்தில் ஒரு பிரதி கிடைத்தது. அதைச் சீரமைத்து 2014இல் லாஸ் ஏஞ்சலஸில் மறுபடியும் திரையிட்டார்கள். ஊமைப்படங்களில் பெரும்பகுதி இப்படிக்கூடக் கிடைக்காமல் போய்விட்டன என்பதை நினைத்தால் மனம் கனக்கிறது.

சொந்த வாழ்க்கை இதற்குள் சிதறிவிட்டது. மனைவி நட்சத்திரம், தான் யாருமில்லை என்ற நிலையை ஹைமேயால் தாங்க முடியவில்லை. 1928இல் மணமுறிவு. அதே ஆண்டு டிசம்பரில் அவர் பெர்லினில் இறந்துபோனார். கரீவோடும் தொழில் உறவு முறிந்தது. 1930இல் எம்ஜிஎம் நிறுவனத்தின் கலை இயக்குநர் செட்ரிக் கிப்பன்ஸை மணந்தார். ஆஸ்கர் சிலையை வடிவமைத்தவர் இவர்தான். சான்டா மோனிகாவில் இவர் கட்டிய நவீன பாணி வீட்டைக் கட்டடக்கலைப் புத்தகங்களில் இப்போதும் காட்டுகிறார்கள்.

அப்புறம் பேசும்படம் வந்தது. 'தி பேட் ஒன்' (1930) அவருடைய முதல் முழு நீளப் பேசும்படம். ஆங்கிலம் கற்றுக்கொண்டிருந்தார், ஆனால் ஸ்பானிய உச்சரிப்பு போகவில்லை. போக வேண்டிய அவசியமும் இல்லை என்பேன். ஆனால் ஹாலிவுட்டின் கணக்கு வேறு. ருஷ்யப் பெண்ணாகவோ பிரெஞ்சுக் கிராமத்துப் பெண்ணாகவோ இனி அவரை யாரும் எண்ணிப் பார்க்கவில்லை. வாயைத் திறந்தால் 'வெளிநாட்டுப் பெண்'. எந்த வெளிநாடு என்பது எழுதுகிறவரின் விருப்பம். 'கேர்ள் ஆஃப் தி ரியோ' (1932) படத்தில் எல்லைப்புற மதுக்கூடத்தில் ஆடும் பெண்ணாக நடித்தார். மெக்சிகோக்காரர்களை அந்தப் படம் காட்டிய விதத்துக்கு மெக்சிகோ அரசு எதிர்ப்புத் தெரிவித்தது. தன் நாட்டுக்கே அவமானம் என்று தன் நாட்டினரே சொல்லும் படத்தில் நாயகியாக இருப்பது அவருக்கு எப்படி வலித்திருக்கும்!

அதே ஆண்டில் கிங் விடோர் இயக்கிய 'பேர்ட் ஆஃப் பாரடைஸ்'. தென்கடல் தீவின் இளவரசி வேடம். படத்தின் பெரும்பகுதியில் அவருக்கு ஆங்கில வசனமே இல்லை, தீவு மொழியில்தான் பேசுவார். படம் பேச ஆரம்பித்துவிட்டது, அவரை மட்டும் மறுபடியும் ஊமைப்படத்துக்குள் வைத்துவிட்டார்கள் என்று அந்தப் படத்தைப் பார்க்கும்போது எனக்குத் தோன்றியது. 1933இல் 'ஃப்ளையிங் டவுன் டு ரியோ'. இதில் பிரேசில் நாட்டுப் பெண். பெயர்ப் பட்டியலில் முதலிடம் டொலோரெஸுக்கு. அதற்குக் கீழே நான்காவதாக ஜிஞ்சர் ரோஜர்ஸ், ஐந்தாவதாக ஃப்ரெட் அஸ்டேர். அந்த இருவரும் சேர்ந்து ஆடிய முதல் படம் அது. படம் பார்த்துவிட்டு வந்தவர்கள் அந்த ஜோடியைப் பற்றித்தான் பேசினார்கள். 1934இல் 'மதாம் துபாரி'யில் பிரெஞ்சு அரசவைக் காதலி. அந்த ஆண்டில்தான் தணிக்கை விதிகள் இறுகின. படத்தை வெட்டித் தள்ளினார்கள்.

பேசும்படம் வந்த பிறகு, ஆடையும் அணியும் அவர் நடிப்பை மூடிவிட்டன என்று நினைக்கிறேன். அந்தக் காலப் புகைப்படங்களைப் பார்த்தால் புரியும். உலகத்திலேயே அழகான பெண்களில் ஒருவர் என்று பத்திரிகைகள் எழுதிக்கொண்டே இருந்தன. வெள்ளைச் சாட்டின், இறகுகள், பளபளப்பு. அந்த அழகைச் செதுக்கி வைத்ததில் கணவர் கிப்பன்ஸின் கலைக் கண்ணுக்கும் பங்கு உண்டு. அப்படிப்பட்ட ஒருவரிடம் கோபப்படவோ கிழிந்த சட்டையோடு அழவோ யாரும் கேட்கவில்லை. 1938இல் திரையரங்கு உரிமையாளர்கள் சிலர், வசூலுக்கு விஷம் என்று நட்சத்திரங்களின் பட்டியலைப் பத்திரிகையில் வெளியிட்டார்கள். கிரெட்டா கார்போ, மார்லீன் டீட்ரிக், காதரின் ஹெப்பர்ன் ஆகியோருடன் டொலோரெஸ் பெயரும் அதில் இருந்தது. மற்ற மூவரும் மீண்டு வந்து ஹாலிவுட்டிலேயே பெரிய படங்கள் செய்தார்கள். இவருக்கு அங்கே அந்த வழி திறக்கவில்லை.

இயக்குநர் ஆர்சன் வெல்ஸ் இந்தக் கட்டத்தில்தான் வருகிறார். டொலோரெஸைவிடப் பத்து வயது இளையவர். 'சிட்டிசன் கேன்' எடுத்த நாட்களில் இருவரும் காதலர்கள். 1941இல் கிப்பன்ஸோடு மணமுறிவு. வெல்ஸின் நிறுவனம் தயாரித்த 'ஜர்னி இன்டு ஃபியர்' படத்தில் நடித்தார். 1942இல் வெல்ஸ் படம் எடுக்க பிரேசில் போனார். அங்கிருந்து வந்த செய்திகளும் மௌனமும் காதலை முடித்துவைத்தன. காதலைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள், அதனால் நான் விட்டுவிடுகிறேன். எனக்கு முக்கியமாகப் படுவது, வெல்ஸ் போன்ற ஒருவர் நாடக மேடையிலிருந்து தன் நடிகர்களைக் கூட்டி வந்து, குரலை வைத்துப் படம் எடுத்ததை அவர் பக்கத்திலிருந்து பார்த்தார் என்பது. ஹாலிவுட்டில் இனி நட்சத்திரமாக இருக்க விருப்பமில்லை, நடிகையாக வேண்டும், அந்த இறகுகளுக்குள் இருந்துகொண்டு அது நடக்காது என்ற பொருளில் அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். உங்கள் கேள்விக்கு நேரான பதில் இதுதான்.

மெக்சிகோவும் அப்போது அவரை வரவேற்கத் தயாராக இருந்தது. இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்தது. ஐரோப்பியப் படங்கள் நின்றுவிட்டன, ஹாலிவுட் போர்ப் படங்களில் மூழ்கியிருந்தது. நேச நாடுகள் பக்கம் நின்ற மெக்சிகோவுக்கு அமெரிக்காவிலிருந்து படச்சுருள் தடையில்லாமல் கிடைத்தது. ஸ்பானிய மொழி பேசும் கண்டம் முழுவதும் மெக்சிகோ படங்களுக்குச் சந்தையானது. மெக்சிகோ சினிமாவின் பொற்காலம் என்று சொல்வது இந்த ஆண்டுகளைத்தான்.

எமிலியோ ஃபெர்னாண்டஸ் என்ற இளம் இயக்குநர் ஒரு கதையோடு வந்தார். 'எல் இந்தியோ' என்று அழைப்பார்கள், தாய்வழியில் பழங்குடி. ஹாலிவுட்டில் துணை நடிகராகத் திண்டாடிய காலத்தில் ஆஸ்கர் சிலைக்கு மாதிரியாக நின்றது அவர்தான் என்று ஒரு கதை உலவுகிறது. நம்பத்தகுந்த சான்று இல்லாத கதை அது. அவர் கொண்டுவந்த படம் 'ஃப்ளோர் சில்வெஸ்த்ரே', காட்டு மலர் என்று பொருள். 1943இல் வெளிவந்தது. கேமரா கபிரியேல் ஃபிகெரோவா, நாயகன் பெத்ரோ அர்மென்தாரிஸ், எழுத்து மௌரிசியோ மக்தலேனோ. புரட்சிக் காலத்தில் பண்ணையார் மகன் ஒரு குடியானவப் பெண்ணை மணந்துகொள்ளும் கதை. பண்ணையார் வீட்டில் பிறந்து புரட்சியிலிருந்து தப்பி ஓடிய பெண், திரையில் அந்தப் புரட்சியின் மறுபக்கத்தில் நின்றார். பதினேழு ஆண்டுகளாக நடித்துக்கொண்டிருந்த அவர் தன் தாய்மொழியில் நடித்த முதல் படம் இது என்பதுதான் எனக்கு இன்னும் வியப்பு. அப்போது அவருக்கு வயது 38.

படத்தைப் பாருங்கள். இரட்டைப் பின்னல், தோளைச் சுற்றி ரெபோசோ என்ற பருத்திச் சால்வை, முகத்தில் பூச்சு மிகக் குறைவு. இறகுகள் ஒன்றுகூட இல்லை. கணவனை இழக்கப்போகும் கட்டத்தில் அவர் கதறும் குரல் இருக்கிறதே, அது ஹாலிவுட்டின் எந்தப் படத்திலும் நான் அவரிடம் கேட்காதது. சொற்கள் நாக்கில் தடுக்காமல் வருகின்றன. கோபமும் கெஞ்சலும் ஒரே மூச்சில் மாறுகின்றன.

அடுத்தது 'மரியா கண்டெலாரியா'. பிறந்தநாள் பரிசு வாங்கக் கையில் பணமில்லாமல், உணவகத்தில் உட்கார்ந்து 13 துடைப்புத் தாள்களில் கதையை எழுதி டொலோரெஸிடம் கொடுத்ததாக ஃபெர்னாண்டஸ் சொல்லிவந்தார். மெக்சிகோ நகரத்துக்குத் தெற்கே சோச்சிமில்கோ என்ற இடத்தில், வாய்க்கால்களுக்கு நடுவே மிதக்கும் தோட்டங்களில் பூ வளர்த்துப் படகில் விற்கும் பழங்குடிப் பெண் மரியா கண்டெலாரியா. காலம் 1909. அவள் தாயின் நடத்தையைச் சொல்லி ஊரே அவளை ஒதுக்கிவைத்திருக்கிறது. அவளும் அவள் காதலன் லொரென்சோ ரஃபேலும் ஒரு பன்றிக்குட்டியை வளர்த்து விற்று அந்தப் பணத்தில் திருமணம் செய்யக் காத்திருக்கிறார்கள். கடைக்காரன் அந்தக் குட்டியைக் கொன்றுவிடுகிறான். அவளுக்கு மலேரியா வருகிறது. அரசு கொடுக்கும் கொய்னா மருந்தை அவன் பதுக்கிவைத்துத் தர மறுக்கிறான். அவளுக்காக மருந்தைத் திருடிய லொரென்சோ சிறைக்குப் போகிறான். அவனை மீட்கப் பணம் வேண்டும் என்று ஓர் ஓவியருக்கு மாதிரியாக இருக்கச் சம்மதிக்கிறாள், ஆனால் ஆடையைக் களைய மறுத்துவிடுகிறாள். ஓவியர் முகத்தை இவளைப் பார்த்தும் உடலை வேறொரு பெண்ணைப் பார்த்தும் வரைந்து முடிக்கிறார். ஊர்க்காரர்கள் அந்த ஓவியத்தைப் பார்த்துவிடுகிறார்கள். கல்லெறிந்தே அவளைக் கொல்கிறார்கள்.

முகம் ஒருத்தியுடையது, உடல் இன்னொருத்தியுடையது. முகத்தை மட்டும் பார்த்து ஊர் தீர்ப்புச் சொல்கிறது. அந்த வேடத்தை டொலோரெஸ் செய்திருக்கிறார் என்பதை யோசித்துப் பாருங்கள். முகத்துக்காகவே உலகம் அவரை அறிந்திருந்தது, அந்த முகத்துக்குப் பின்னால் யார் யாரையோ ஹாலிவுட் வரைந்து வைத்திருந்தது.

இந்தப் படத்தின் மீது ஒரு நியாயமான குற்றச்சாட்டு உண்டு. வெள்ளைத் தோல் கொண்ட மேட்டுக்குடிப் பெண் ஒருவர் பழங்குடிப் பெண்ணாக நடிப்பதா, பழங்குடி மக்களை இத்தனை அப்பாவிகளாகக் காட்டுவது சரியா என்று மெக்சிகோவிலேயே கேட்டார்கள். அவருக்கே தயக்கம் இருந்தது. குடியானவப் பெண் ஆயிற்று, இப்போது வெறுங்காலோடு பழங்குடிப் பெண்ணா என்று இயக்குநரிடம் கேட்டிருக்கிறார். அந்தக் குறையை நான் மறுக்கவில்லை. ஆனாலும் ஃபிகெரோவாவின் கேமராவில் அந்த வாய்க்கால்களும் மேகங்களும் மெழுகுவர்த்தி ஊர்வலமும் தெரியும் விதம், டொலோரெஸ் தரையில் விழுந்து கடவுளிடம் நியாயம் கேட்கும் காட்சி, இரண்டும் அந்தக் குறையையும் தாண்டி நிற்கின்றன. ஃபிகெரோவா 1930களில் ஹாலிவுட் போய், பின்னாளில் 'சிட்டிசன் கேன்' படத்தை ஒளிப்பதிவு செய்த கிரெக் டோலண்டிடம் தொழில் கற்றவர்.

1946இல் நடந்த முதல் கான் திரைப்பட விழாவில் 'மரியா கண்டெலாரியா' உயரிய பரிசைப் பெற்றது. அந்த ஆண்டு பதினொரு படங்களுக்கு அந்தப் பரிசைப் பகிர்ந்து கொடுத்தார்கள். அவற்றில் ஒன்று நம் நாட்டுப் படம், சேத்தன் ஆனந்த் இயக்கிய 'நீச்சா நகர்'. இந்தியாவும் மெக்சிகோவும் ஒரே மேடையில் ஒரே ஆண்டில் அந்த விருதை வாங்கியதை நம் சினிமா வரலாற்றில் இன்னும் கொஞ்சம் அழுத்திச் சொல்லலாம்.

ஃபெர்னாண்டஸோடு இன்னும் சில படங்கள் செய்தார். அவற்றில் 'லாஸ் அபந்தொனாதாஸ்' படத்துக்காக மெக்சிகோவின் ஏரியல் விருது கிடைத்தது. 1946இல் தொடங்கிய அந்த விருதின் முதல் ஆண்டிலேயே சிறந்த நடிகை. பின்னர் 'தோன்யா பெர்ஃபெக்தா', 'எல் நின்யோ இ லா நியெப்லா' படங்களுக்கும் அதே விருது.

ஆனால் என்னைக் கேட்டால் அவருடைய நடிப்பின் உச்சம் ரொபெர்தோ கவால்தோன் இயக்கிய 'லா ஓத்ரா' (1946). இரட்டைச் சகோதரிகள். ஒருத்தி பணக்கார விதவை, மற்றவள் நகம் வெட்டிப் பூச்சுப் பூசும் வேலை செய்து பிழைக்கும் ஏழை. ஏழை, பணக்காரியைக் கொன்றுவிட்டு அவள் இடத்தில் போய் உட்கார்கிறாள். முகம் ஒன்றுதான், அதனால் யாருக்கும் சந்தேகமில்லை. ஆனால் கையெழுத்து காட்டிக்கொடுத்துவிடுமே! கணப்பு அடுப்பில் பழுக்கக் காய்ந்த இரும்புக் கம்பியை வலது கையால் பிடித்துத் தன் கையைத் தானே சுட்டுக்கொள்கிறாள். கையெழுத்துப் போட முடியாது என்ற காரணம் கிடைத்துவிட்டது. ஒரே முகத்தை வைத்துக்கொண்டு இரண்டு பேராக இருப்பதை டொலோரெஸ் நடையிலும் குரலிலும்தான் பிரித்துக் காட்டுகிறார். ஏழையின் பேச்சில் எப்போதும் ஒரு அவசரம் இருக்கும். பணக்காரி வார்த்தைகளை இழுத்து, எதிரே நிற்பவரைக் காக்க வைத்துப் பேசுவாள். பிறகு ஏழை, பணக்காரியாக நடிக்கும்போது அந்த இழுவையில் இடையிடையே பழைய அவசரம் எட்டிப் பார்க்கும். பதினெட்டு ஆண்டுகள் கழித்து ஹாலிவுட் இந்தக் கதையை பெட்டி டேவிஸை வைத்து எடுத்தது.

இதற்கிடையே அமெரிக்க இயக்குநர் ஜான் ஃபோர்ட் மெக்சிகோ வந்து எடுத்த 'தி ஃப்யூஜிடிவ்' (1947), அடுத்த ஆண்டு அர்ஜென்டினா போய் ஆஸ்கர் வைல்டின் 'லேடி விண்டர்மியரின் விசிறி' நாடகத்தைத் தழுவிய படம் என்று வேலை தொடர்ந்தது. 1954இல் 'புரோக்கன் லான்ஸ்' என்ற அமெரிக்கப் படத்துக்கு அழைப்பு வந்தது. ஸ்பெயினில் சர்வாதிகாரி பிராங்கோவுக்கு எதிராக நின்ற அகதிகளுக்கு உதவியவர் என்ற சந்தேகத்தில் அமெரிக்கா விசா தர மறுத்தது. கம்யூனிஸ்ட் வேட்டை உச்சத்தில் இருந்த காலம். அந்த வேடம் காத்தி ஹுராடோவுக்குப் போனது. ஹுராடோ அதில் ஆஸ்கர் பரிந்துரை பெற்றார்.

இப்போது நாடகத்துக்கு வருகிறேன். நாடகத்தில் தொடங்கி சினிமாவுக்குப் போவதுதான் வழக்கம். இவர் தலைகீழாகச் செய்தார். முப்பது ஆண்டுகள் கேமராவின் முன் நின்றுவிட்டு, 1956இல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் கோடைக்கால நாடக அரங்கில் 'அனஸ்தாசியா' நாடகத்தில் மேடையேறினார். அதுவும் ஆங்கிலத்தில், தன்னை ஒரு காலத்தில் ஒதுக்கிய அந்த உச்சரிப்போடு. தயாராவதற்கு நியூயார்க்கின் புகழ்பெற்ற நடிப்பு ஆசிரியர் ஸ்டெல்லா ஆட்லரிடம் பயிற்சி எடுத்தார். அப்போது அவருக்கு 51 வயது. உலகப் புகழ் பெற்ற ஒருவர் அந்த வயதில் மாணவியாகப் போய் உட்கார எத்தனை துணிவு வேண்டும்! கேமரா நெருங்கி வந்து கண்ணைக் காட்டும், தவறு வந்தால் மறுபடி எடுக்கலாம். மேடையில் கடைசி வரிசைக்கும் குரல் எட்ட வேண்டும், இரண்டு மணி நேரம் மூச்சு தாங்க வேண்டும், மறுநாளும் அதையே புதிதாகச் சொல்ல வேண்டும்.

1958இல் மெக்சிகோ மேடையில் அடி வைத்தார். நாடகம், பத்து ஆண்டுகளுக்கு முன் அர்ஜென்டினாவில் படமாக நடித்த அதே 'லேடி விண்டர்மியரின் விசிறி'. தெரிந்த பாத்திரத்தோடு தெரியாத மேடைக்குள் போயிருக்கிறார், புத்திசாலித்தனமான முடிவு. 1959இல் அமெரிக்க நாடகத் தயாரிப்பாளர் லூயிஸ் ரைலியை மணந்தார். கடைசிவரை நிலைத்த திருமணம் இது. இருவரும் சேர்ந்து நாடகங்கள் தயாரித்தார்கள். அடுத்த பத்து ஆண்டுகளில் அவர் எடுத்துக்கொண்ட வேடங்களைப் பாருங்கள். இப்சனின் 'பேய்கள்' நாடகத்தில், கணவனின் பாவங்களை மூடி மறைத்து வாழ்ந்து கடைசியில் மகனையும் இழக்கும் ஆல்விங் அம்மாள். பெர்னார்ட் ஷாவுக்கும் நடிகை திருமதி பேட்ரிக் கேம்ப்பெலுக்கும் நடந்த கடிதப் போக்குவரத்தை வைத்து எழுதிய 'டியர் லையர்', மேடையில் இரண்டே பேர், பேச்சைத் தவிர வேறு ஆதரவு கிடையாது. அறுபதைத் தாண்டிய பின் 'காமெலியாக்களின் சீமாட்டி'. ஆடம்பரமாக வந்து நின்றாலே கைதட்டு வாங்கியிருக்கலாம். அவர் அதை மட்டும் நம்பியிருந்தால் இப்சன் பக்கம் போயிருக்க மாட்டார்.

சினிமாவையும் விடவில்லை. 1959இல் 'லா குகராச்சா' படத்தில் மெக்சிகோவின் இன்னொரு பெரும் நட்சத்திரமான மரியா ஃபெலிக்ஸோடு நடித்தார். இருவரும் மோதிக்கொள்வார்கள் என்று பத்திரிகைகள் காத்திருந்தன, இருவரும் தொழிலை முடித்துவிட்டுக் கிளம்பினார்கள். 1960இல் பதினெட்டு ஆண்டுகளுக்குப் பிறகு ஹாலிவுட் திரும்பி, 'ஃப்ளேமிங் ஸ்டார்' படத்தில் பாடகர் எல்விஸ் பிரெஸ்லிக்கு அம்மாவாக, கையோவா பழங்குடிப் பெண்ணாக நடித்தார். எல்விஸை விரும்பாதவர்கள்கூட இந்தப் படத்தை ஒருமுறை பார்க்கலாம். வெள்ளையர்களுக்கும் பழங்குடிகளுக்கும் நடுவே சிக்கிய அந்தத் தாய் அதிகம் பேசுவதில்லை, ஆனால் பேசும் ஒவ்வொரு வரியிலும் அந்தப் பழைய உச்சரிப்பு இந்த முறை சரியான இடத்தில் இருக்கிறது. 1964இல் ஜான் ஃபோர்டின் 'செயென் ஆட்டம்'. கடைசிப் படம் 1978இல் வந்த 'தி சில்ட்ரன் ஆஃப் சான்செஸ்', ஆந்தணி குவின்னோடு, பாட்டி வேடத்தில்.

அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் போகிற போக்கில் விட்டுவிடும் ஒரு வேலை உண்டு. அவருக்குக் குழந்தைகள் இல்லை. 1970களில் மெக்சிகோ நடிகர் சங்கத்தின் மூலம், ஒத்திகைக்கும் படப்பிடிப்புக்கும் போகும் நடிகைகளின் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள ஒரு காப்பகம் அமைத்து, பல ஆண்டுகள் தானே முன்னின்று நடத்தினார். நடிகையின் வேலை நேரம் எப்படிப்பட்டது என்று தெரிந்த ஒருவரால் மட்டுமே இதை யோசிக்க முடியும். மெக்சிகோவின் பழங்காலக் கலைச் செல்வங்கள் வெளிநாட்டுக்குக் கடத்தப்படாமல் காக்கவும் அமைப்பு சேர்த்துப் பாடுபட்டார். ஓவியர்கள் தியேகோ ரிவேராவும் ஃப்ரீடா காலோவும் அவருக்கு நெருங்கிய நண்பர்கள். ரிவேரா 1938இல் அவரை வரைந்த ஓவியம் இன்றும் புகழோடு இருக்கிறது.

1983 ஏப்ரல் 11 அன்று, 78 வயதில், கல்லீரல் நோயால் கலிபோர்னியாவின் நியூபோர்ட் பீச்சில் காலமானார். அன்று இரவுதான் லாஸ் ஏஞ்சலஸில் அந்த ஆண்டின் ஆஸ்கர் விழா, நம் பானு அதையா 'காந்தி' படத்தின் உடை வடிவமைப்புக்காக இந்தியாவின் முதல் ஆஸ்கரை வாங்கிய அதே விழா. அவருடைய அஸ்தி மெக்சிகோ நகரத்துக்கு வந்தது. ஹாலிவுட் புல்வார்டு சாலையும் லா பிரெயா சாலையும் சந்திக்கும் முனையில் நான்கு நடிகைகளின் சிலைகள் தாங்கும் ஒரு சிறு மண்டபம் இருக்கிறது. மே வெஸ்ட், டொரத்தி டான்ட்ரிட்ஜ், அன்னா மே வாங், நான்காவது டொலோரெஸ்.

எதிலிருந்து பார்க்கத் தொடங்குவது என்று நீங்கள் அடுத்துக் கேட்பீர்கள். முதலில் 'ஃப்ளையிங் டவுன் டு ரியோ', உடனே மறுநாள் 'ஃப்ளோர் சில்வெஸ்த்ரே'. இரண்டுக்கும் இடையே பத்து ஆண்டுகள்தான். முதல் படத்தில் அவர் பேசும்போது கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள், இரண்டாவது படத்திலும் அப்படியே செய்யுங்கள். ஸ்பானியம் தெரிய வேண்டியதில்லை.